இரண்டாவது பொன்னாடை

சனிக்கிழமை இரவு, ஒக்டோபர் 18

மகளின் மிருதங்க அரங்கேற்றம் நல்லபடியாக முடிந்தது. எனக்குத்தான் மனம் ஆறவில்லை.

அவளுக்குக் கொங்கா மேளம் பழக்கும் கியூபாக்காரர் மிகுவேல், உணவகத்தில் வழக்கமாக வாசிக்கும் சனிக்கிழமைக் கச்சேரியை விட்டுவிட்டு வந்திருந்தார். இரண்டு பொன்னாடை வாங்கியிருந்தேன். ஒன்றை மிருதங்க மாஸ்டருக்குப் போர்த்தினேன். மிகுவேல் போன்ற ஒரு கறுப்பரை மாஸ்டருக்குப் பக்கத்தில் நிறுத்தினால் சனம் என்ன கதைக்குமோ என்று மற்றதைப் பையிலிருந்து எடுக்கவேயில்லை.

எல்லாரும் போனபிறகு மிகுவேல் நின்று கதிரை அடுக்கித் தந்தார். அப்போதும் கோட்டைக் கழற்றவில்லை, டையைத் தளர்த்தவில்லை.

காரில் மகள் சொன்னாள்: “நீங்கள் அவரையும் மேடைக்குக் கூப்பிடுவியள் எண்டு நான் அவருக்குச் சொல்லிப்போட்டன், அப்பா.”

கடைசிக் கதிரை வரைக்கும் காத்திருந்திருக்கிறார்.