அரூர் ரூட்டரில் உன் பெயர்

இன்று காலை கடையில் மேசை டிராயரை இழுத்ததும் உன்னுடைய வெளிர்நீல கன்சோல் வயர் கையில் வந்தது. லேப்டாப்பை ரூட்டரோடு நேரடியாக இணைப்போமே, அதே தட்டை வயர். முனையில் கொக்கி உடைந்தபோது நீ சுற்றிவிட்ட கறுப்பு டேப் இன்னும் விரலில் பிசுபிசுத்தது. நீ போன பிறகு அந்த டிராயரை நான் திறக்கவே இல்லை. ஏதாவது ஒரு சாக்குச் சொல்லித் தள்ளிப்போட்டுக்கொண்டே வந்தேன்.

இன்று தள்ளிப்போட வழியில்லை. சேலத்திலிருந்து நமக்கு மெயின் லைன் கொடுப்பவர்கள் தங்கள் பக்கம் எல்லாவற்றையும் மாற்றுகிறார்கள். திங்கட்கிழமை காலைக்குள் நம் ரூட்டரிலும் புது விவரங்களைப் போட்டாக வேண்டும். போடாவிட்டால் அரூரிலிருந்து சித்தேரி மலை வரை நம் இணைப்பு உள்ள ஒரு வீட்டிலும் நெட் வராது. ரூட்டருக்குள் போகிற பாஸ்வேர்டு உனக்கு மட்டும்தான் தெரியும். நீயோ போன மாசியில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவன், ஆஸ்பத்திரி வாசலைக்கூடப் பார்க்காமல் போய்ச் சேர்ந்துவிட்டாய். பாஸ்வேர்டையும் கையோடு கொண்டுபோய்விட்டாய். உன் மேல் எனக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமில்லை.

தொழிலில் உன் பங்கு இப்போது ஸ்டெல்லாவுடையது. அதை விற்றுவிடச் சொல்லி உன் மாமனார் வாராவாரம் கடத்தூரிலிருந்து வந்து பேசுகிறார். "பெரிய கம்பெனிக்காரங்க கேக்கறாங்கம்மா, குடுத்துட்டு நிம்மதியா இரு" என்கிறார். அவள் அசைந்து கொடுக்கவில்லை. "அவரு கம்பம் கம்பமா ஏறிப் போட்ட லைனுங்கப்பா. நான் பாத்துக்கறேன்" என்று ஒரே பதில். ஆனால் லைன் நாலைந்து நாள் நின்றால் ஜனங்கள் காத்திருப்பார்களா? வேறு கம்பெனிக்குப் போய்விடுவார்கள். அப்புறம் அவள் விரும்பினாலும் விற்க ஒன்றும் இருக்காது, நடத்தவும் ஒன்றும் இருக்காது.

அந்த வயரைக் கையில் வைத்துக்கொண்டு இப்படி யோசித்துக்கொண்டிருந்தவனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. உன் முதல் பாஸ்வேர்டு ஞாபகத்துக்கு வந்தது.

நாம் கேபிள் டிவியிலிருந்து இன்டர்நெட்டுக்கு மாறிய புதிது. ஊரில் பாதிப் பேர் தங்கள் போன் நம்பரையே வைஃபைக்குப் பாஸ்வேர்டாக வைத்திருந்தார்கள். ஒரு வீட்டில் இணைப்புக் கொடுத்தால் அந்தத் தெருவே படம் பார்க்கும். நாம் அவர்களைக் கேலி செய்வோம். நம் ரூட்டரில் பாஸ்வேர்டையெல்லாம் மறைக்கிற கட்டளை ஒன்று உண்டு. அதைப் போட்டதும் உன் பாஸ்வேர்டு எண்களும் எழுத்துகளுமாகக் குழம்பித் தெரிந்தது. "பாத்தியா மாப்ள, பெரிய பேங்க்குல இருக்கற மாதிரி ஆயிருச்சு" என்று காலரைத் தூக்கிவிட்டாய். அடுத்த வாரம் லைனில் ஏதோ கோளாறு. ரூட்டரின் மொத்த அமைப்பையும் அப்படியே எடுத்து, மாவட்டத்துக் கேபிள்காரர்கள் எல்லாரும் இருக்கிற வாட்ஸ்அப் குழுவில் போட்டு உதவி கேட்டாய். பாஸ்வேர்டுதான் மறைந்திருக்கிறதே, என்ன பயம் என்று.

ஏரியூர்க்காரர் ஒருவர் முதலில் கோளாறைச் சொன்னார். அதற்கு அடியிலேயே, "உங்க பாஸ்வேர்டு இதுங்களா?" என்று கேட்டு அதையும் எழுதிப் போட்டார். ஸ்டெல்லாகடத்தூர்.

தோளுக்குப் பின்னால் நிற்பவன் படித்துவிடக் கூடாது என்பதற்காக மட்டுமே அந்த மறைப்பு இருக்கிறது. எந்த எழுத்தை எப்படி மாற்றுகிறது என்பது உலகத்துக்கே தெரியும், யார் வேண்டுமானாலும் ஒரு நொடியில் திருப்பிவிடலாம். நமக்குத்தான் தெரியவில்லை. அந்தக் குழுவில் கடத்தூரில் கேபிள் நடத்துகிற ஒரு பெரியவர் இருந்தார். அவருக்கு ஒரு மகள். அவளைத் தேர்த் திருவிழாவில் பார்த்ததிலிருந்து நீ சரியாகச் சாப்பிடுவதில்லை என்பது எனக்கு மட்டும்தான் தெரிந்திருந்தது. சற்று நேரத்தில் அவருடைய குரல் பதிவு வந்தது. "தம்பி, கடத்தூர்ல இருந்து பேசறேன். நீங்க போட்டிருக்கறது எம்பொண்ணு பேருங்களா, இல்ல எங்கூர்ல வேற ஸ்டெல்லா யாராச்சும் இருக்குதுங்களா? கொஞ்சம் சொல்லிட்டுப் போங்க."

நீ கடையின் ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு உள்ளே உட்கார்ந்துகொண்டாய். நான் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தேன். மறுநாள் அவரே நேரில் வந்துவிட்டார். உன்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "தொழில்ல இவ்ளோ அசால்ட்டா இருந்தா எப்படிங்க பொண்ணு குடுக்கறது?" என்றார். அது சம்மதம் என்று உனக்குப் புரியவே நேரமானது.

கல்யாணம் ஆனது. ஆனால் அந்த அவமானம் உனக்கு ஆறவில்லை. இனிமேல் என் பாஸ்வேர்டை ஒருத்தனும் படிக்கக் கூடாது என்று ராத்திரி பகலாக வீடியோ பார்த்தாய். ஒரு நாள் மிஷினில் கேழ்வரகு அரைத்துக்கொண்டு வந்தவன், பையைக் கடை மேசையில் வைத்துவிட்டு எனக்கு வகுப்பெடுத்தாய்.

"இந்த மாவ மறுபடி கேவரா ஆக்க முடியுமா மாப்ள? முடியாது. நல்ல ரூட்டரு பாஸ்வேர்ட வெச்சிக்கறதே இல்ல. அரைச்ச மாவத்தான் வெச்சிக்கும். நீ உள்ள போறப்ப டைப் பண்றத அதே மாதிரி திரும்ப அரைக்கும். ரெண்டு மாவும் ஒண்ணா இருந்தா கதவத் திறக்கும்."

"அப்ப ரூட்டருக்கே பாஸ்வேர்டு தெரியாதா?"

"தெரியாது. தெரியாததால தான் அதுகிட்ட இருந்து ஒருத்தனும் திருட முடியாது."

ரெண்டு பேர் ஒரே பாஸ்வேர்டு வைத்தால் மாவும் ஒன்றாகத்தானே இருக்கும், பார்த்தால் கண்டுபிடித்துவிடலாமே என்று கேட்டேன். ஒவ்வொருவர் பாஸ்வேர்டோடும் ரூட்டர் தானாக எதையோ ஒரு சிட்டிகை வேறு வேறாகக் கலந்துதான் அரைக்கும், அதற்கு உப்பு என்றே பெயர் என்றாய். ஒரு முறை இரு முறை இல்லை, ஆயிரக்கணக்கான முறை அரைக்குமாம். ஊகித்துப் பார்க்கிறவன் ஒவ்வொரு ஊகத்துக்கும் அத்தனை முறையும் அரைத்துச் சலித்துப்போக வேண்டும். நான் நம்பாத முகத்தோடு கேட்டுக்கொண்டிருந்தேன். ஆனால் உனக்கு இருந்த சந்தோஷத்தைப் பார்க்க எனக்கும் சந்தோஷமாக இருந்தது. இன்றைக்கும் அந்தப் பேச்சு ஒரு வார்த்தை விடாமல் காதில் நிற்கிறது.

நீ அதோடு விட்டாயா? ரூட்டரை ஆஃப் பண்ணி ஆன் பண்ணி, இந்த நீல வயரைச் செருகி, பாஸ்வேர்டைத் தாண்டி உள்ளே போகிற வழி ஒன்று உண்டு. அதையும் அடைத்தாய். இனி அந்த வழியாக வந்தால், எல்லாவற்றையும் அழித்துவிடட்டுமா என்று மட்டும்தான் ரூட்டர் கேட்கும். நான் கத்தினேன். "நாளைக்கு நமக்கே மறந்துபோனா?" "மறந்தா அழிச்சிட்டு மொதல்ல இருந்து போடு. தெரிஞ்ச வேலதானே" என்றாய்.

இன்று சர்ச்சில் ஞாயிறு பூசை முடிந்து ஸ்டெல்லா நேராகக் கடைக்கு வந்தாள். நான் அதற்குள் உன் மகள் பெயர், உன் வண்டி, உங்கள் கோயில் திருவிழா என்று தோன்றியதையெல்லாம் அடித்துப் பார்த்திருந்தேன். தப்பாக அடித்தால் ரூட்டர் கொஞ்ச நேரம் முகத்தைத் திருப்பிக்கொள்ளும்படி வேறு செய்து வைத்திருக்கிறாய். அவளும் சிலதைச் சொன்னாள். ஒவ்வொன்றைச் சொல்லும்போதும் எனக்குத் தெரியாத ஒரு கதை அவள் முகத்தில் வந்து போனது. நான் கேட்கவில்லை. எதற்கும் கதவு திறக்கவில்லை.

"உங்ககிட்டயும் சொல்லலீங்களாண்ணா?"

"இல்லம்மா. அழிச்சிட்டுத்தான் போடணும். ரூட்டரோட பழைய காப்பி ஒண்ணு லேப்டாப்ல இருக்குது. ஆனா அது மலைக்கு லைன் போறதுக்கு முன்னாடி எடுத்தது. மலை லைன் பூரா அவன் ஒருத்தனாப் போட்டது, எது எங்க பிரியுதுன்னு எனக்கே தெரியாது."

அவள் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். "எனக்குத் தெரியும்ணா. டெய்லி சாப்பிடறப்ப அதத்தானே பேசுவாரு. அழிச்சிருங்க."

வயரைச் செருகி, ரூட்டரை ஆஃப் பண்ணி ஆன் பண்ணினேன். அழிக்கட்டுமா என்று கேட்டது. என் கை நின்றுவிட்டது. நீ வருஷக்கணக்கில் ஒவ்வொரு வரியாகப் போட்டது அது. ஸ்டெல்லாதான், "போடுங்கண்ணா" என்றாள்.

பழைய காப்பியில் உன் பெயரும் பாஸ்வேர்டும் இருந்த வரியை மட்டும் தனியே எடுத்து வைத்துவிட்டு மற்றதை ஏற்றினேன். சேலத்துப் புது விவரங்களைப் போட்டேன். மலைக்கு வந்ததும் அவள் கண்ணை மூடிக்கொண்டு சொல்ல ஆரம்பித்தாள். "ஸ்கூலாண்ட கம்பத்துல ரெண்டாப் பிரியுது. ஒண்ணு தண்ணித் தொட்டிக்கு, ஒண்ணு மேல வூடுங்களுக்கு. மேல போறதுல மழ வந்தா தகராறு பண்ணும், அதுக்குத்தான் தனியா ஒரு நம்பர் போட்டேன்னாரு." ஒரு பாஸ்வேர்டைத் தவிர அத்தனையையும் அவளிடம் கொட்டியிருக்கிறாய் படுபாவி. எனக்குப் பொறாமையாகக்கூட இருந்தது. சாயந்திரம் மலை டீக்கடைக்காரர் போன் பண்ணி, "நெட்டு வந்துருச்சுங்க, மேல வூட்லயும் வருதாம்" என்றார். ஸ்டெல்லா முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, அப்பாவுக்குப் போன் போட்டாள். "லைன் ஓடுதுங்கப்பா. விக்கறதப் பத்தி இனிமே பேசாதீங்க."

ரூட்டரில் எங்கள் இருவருக்கும் தனித்தனிப் பெயர், தனித்தனிப் பாஸ்வேர்டு போட்டோம். அவள் அடிக்கும்போது நான் தெருவைப் பார்த்தேன், நான் அடிக்கும்போது அவள் பார்த்தாள். ஒருவருக்கு ஏதாவது ஆனால் இன்னொருவர் உள்ளே போகலாம். நீ செய்யாமல் விட்டது அது ஒன்றுதான்.

கடைசியில் எடுத்து வைத்திருந்த உன் வரி மட்டும் திரையில் மிச்சமிருந்தது. உன் பெயர், அதற்குப் பக்கத்தில் நீளமாக ஒன்றும் புரியாத எழுத்துகள்.

"இதாண்ணா அவருது?"

"ஆமாம்மா."

"படிக்க முடியாதுங்களா?"

"யாராலயும் முடியாது. வேலையில இல்லாதவங்க பேர எடுத்துடணும்ங்கறது முறை."

அவள் அந்த எழுத்துகள் மேல் விரல் வைத்தாள். நான் முறையைப் பார்க்கவில்லை. உன் வரியை அப்படியே எடுத்துப் புதிதில் சேர்த்துவிட்டேன். உனக்கு எந்த அதிகாரமும் கொடுக்கவில்லை, கோபித்துக்கொள்ளாதே. எதையும் மாற்ற முடியாது, உள்ளே வந்து பார்க்கலாம், அவ்வளவுதான். இதை எழுதும்போதும் ரூட்டர் ஓடிக்கொண்டிருக்கிறது. உன் பெயரில் நானும் ஸ்டெல்லாவும் எதை அடித்தாலும் நீ இல்லை என்று சொல்லிவிடும். நீ வந்து அடித்தால் மட்டும், நீதான் என்று அதற்குத் தெரியும்.