ஐவி சாக வேண்டும்

மார்ச் 4, செவ்வாய்

மேக்கப் அறையில் செய்தி கசிந்துவிட்டது. எங்கள் டி.வி. தொடரின் புதுத் தயாரிப்பாளர் ரொவீனா கதையில் ஒரு பேருந்து விபத்து வைத்திருக்கிறாள். முக்கியமான ஒருவர் சாகப்போகிறார். யாரென்று சொல்ல மாட்டாளாம். மதியம் கேன்டீன் எழவு வீடாக இருந்தது. எனக்கு மட்டும் நல்ல பசி.

மார்ச் 5

காரணத்தை இங்கேயாவது எழுதிவைக்கிறேன். ஒரு சினிமா வாய்ப்பு வந்திருக்கிறது, அது எனக்குத்தான் என்று ஏஜென்ட் டெஸ்மண்ட் உறுதியாகச் சொல்லிவிட்டார். பெண்களுக்குக் குத்துச்சண்டை கற்றுத்தரும் முரட்டுக் கிழவி வேடம். படம் முழுக்க நான்தான்! மே கடைசியில் ஹல் நகரில் படப்பிடிப்பு. தொடரின் ஒப்பந்தமோ டிசம்பர் வரை. விடுப்பு கேட்டேன், ரொவீனா தரவில்லை. பன்னிரண்டு வருடமாகச் சலவைக்கடை ஐவியாக அடுத்தவர் கால்சட்டையை மடித்துக்கொண்டிருக்கிறேன். ஐம்பத்தாறு வயதில் இன்னொரு படம் தேடி வருமா? ஆகவே ஐவி சாக வேண்டும்.

மார்ச் 11

வெட்கத்தை விட்டு நேராகவே கேட்டேன். ரொவீனா பேனாவைக் கீழே வைத்துவிட்டாள். "இங்க எல்லாரும் உயிர்ப்பிச்சை கேட்டு வராங்க தெல்மா. சாவுக்குச் சிபாரிசு கேக்கிற முதல் ஆள் நீங்கதான். ஐவியைக் கொன்னா ஜனங்க என்னைக் கொன்னுடுவாங்க."

மார்ச் 20, வியாழன்

திரைக்கதை வந்தது. நாங்கள் யாரும் முதல் பக்கத்தைப் புரட்டுவதில்லை, கடைசிப் பக்கம்தான். ஐவி பிழைத்துக்கொள்கிறாள். பக்கத்து இருக்கையில் அவள் கணவன் ரெக் சாகிறான்.

ரெக்காக நடிக்கும் கிளைவ் தேநீரைக் குடிக்காமல் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றான். "இந்த வயசுல என்னை யாரு தெல்மா கூப்பிடப்போறா? கிறிஸ்துமஸ் நாடகத்துல குதிரை வேஷத்துக்குள்ள பின்னங்காலா நிக்க வேண்டியதுதான்."

போக வேண்டியவள் இருக்கிறேன், இருக்க வேண்டியவன் போகிறான். என்ன நியாயம் இது? வீட்டுக்கு வந்து இரண்டு பேருக்கும் சேர்த்து அழுதேன்.

மார்ச் 21

எழுதக் கை பரபரக்கிறது. காலையிலேயே கிளைவ் ஃபோன் செய்தான்.

"லாரி எந்தப் பக்கம் மோதுது?"

"ஜன்னல் பக்கம்."

"அதுல என்னை உக்கார வச்சிருக்காங்க. நம்ம கதையில ஐவி என்னைக்காவது ரெக்குக்கு ஜன்னலோரம் விட்டுக்குடுத்திருக்காளா? பிளாக்பூல் போனப்போ அதுக்காகவே ஒரு எபிசோடு முழுக்கச் சண்டை போட்டாளே!"

இரண்டு பேருமாகப் போய் ரொவீனாவிடம் சொன்னோம். அவளுக்குத் தொலைக்காட்சி நிறுவனத்தின் மேல் பயமில்லை, எங்கள் மேல் சுத்தமாக இல்லை. ஆனால் திரையில் தேநீர்க் கோப்பை இடம் மாறினால்கூடப் பக்கம் பக்கமாக எழுதிக் கிழிக்கும் ரசிகர்கள் என்றால் நடுக்கம். நெற்றியைத் தேய்த்துக்கொண்டே இருந்தாள்.

"வசனம் எல்லாத்தையும் மாத்தணுமே."

"பேரை மட்டும் மாத்துங்க. ரெக் அழட்டும், நான் பேசாம கிடக்கேன்," என்றேன்.

"ரெண்டு பேரும் முதல்ல வெளிய போங்க," என்றாள். ஆனால் சிரித்துவிட்டாள்.

மார்ச் 28

புதிய பக்கங்கள் வந்தன. செத்துவிட்டேன்! வரும் வழியில் கேக் வாங்கினேன்.

ஏப்ரல் 16

இன்று உயிரை விட்டேன். குளிர் தாங்கவில்லை, தலைமுடியெல்லாம் கண்ணாடித்தூள். கிளைவ் என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதான். 'கட்' சொன்ன பிறகும் விடவில்லை. "எந்திரிடி, போதும்," என்றான். எழுந்திருக்க மனமில்லாமல் கொஞ்ச நேரம் அப்படியே கிடந்தேன். பன்னிரண்டு வருடம் என்ன சும்மாவா?

மே 30, ஹல்

கடல் காற்று. உடம்பெல்லாம் வலி. இன்று என்னைவிட முப்பது வயது சின்னவளுக்குக் குத்தக் கற்றுக்கொடுத்தேன். இயக்குநர் இன்னொரு டேக் கேட்கவே இல்லை.

சாயங்காலம் கிளைவ் அழைத்தான். "இன்னைக்கு உன் கல்லறையில பூ வைக்கிற சீன். நாலு தடவை எடுத்தாங்க. அழுகையே வரமாட்டேங்குது தெல்மா. நீ அங்க யார் மூக்கையோ உடைச்சுக்கிட்டிருக்கேன்னு நினைச்சாலே சிரிப்பு வந்துடுது."

அப்புறம் எப்படி முடித்தாய் என்று கேட்டேன்.

"முகத்தைப் பூவுல புதைச்சுக்கிட்டேன். தோள் குலுங்குச்சா, பிரமாதம்னு ரொவீனா கை தட்டினா. அடுத்த வருஷத்துக்கும் ஒப்பந்தம் போட்டுட்டாங்க."