அருவித் தண்ணீர்

அன்புள்ள அப்பாவுக்கு, தமிழரசி எழுதுகிறேன். அம்மாவுக்கு முழங்கால் வலி குறைந்ததா? நீங்கள் வெயிலில் சைக்கிள் மிதிக்காதீர்கள். ஜவ்வாது மலையில் நான் நலமாக இருக்கிறேன். நர்ஸ் வேலையும் பழகிவிட்டது.

விடுமுறை நாளென்றால் இங்குள்ள அருவியைப் பார்க்கக் கார் காராக ஆட்கள் வருகிறார்கள். போன ஞாயிறு, தண்ணீர் மொள்ளப் போன இந்த ஊர் கெங்கம்மாளின் காலில் அவர்கள் உடைத்துப் போட்ட பீர் பாட்டில் கிழித்துவிட்டது. பயப்படாதீர்கள், தையல் போட்டுவிட்டேன், இப்போது நடக்கிறார்.

தையல் போடும்போதே அருவி பார்க்க வந்தவர்களில் ஒருவன் தலைவலி மாத்திரை கேட்டு ஆஸ்பத்திரிக்குள் வந்தான். ரத்தத்தைப் பார்த்ததும் மூக்கைப் பொத்திக்கொண்டான். "இன்னா சிஸ்டர், ஊரே இவ்ளோ அசிங்கமா இருக்குது?" என்றான்.

மாத்திரையோடு காய்ச்சி ஆறவைத்த தண்ணீரைக் கொடுத்தேன்.

"இது எங்க புடிச்சது?"

"அருவியிலதான்."

டம்ளரைச் சட்டென்று கீழே வைத்தான். "ஐயையோ, அங்கதான காலையில நாங்க..." என்று ஆரம்பித்தவன் அப்படியே நிறுத்திக்கொண்டான்.

"அதத்தான் சாமி எங்க புள்ளைங்க குடிக்குது" என்றார் கெங்கம்மாள். அவன் தலையைக் குனிந்தபடி காருக்குப் போய்விட்டான். கெங்கம்மாள் அந்த டம்ளரை எடுத்துக் குடித்தார்.

காய்ச்சிய தண்ணீர்தான் என்று தெரிந்தும் அன்று முழுக்க நான் அதைக் குடிக்கவில்லை அப்பா.

எனக்கு ஒரு தண்ணீர் பில்டரும் அம்மா அரைத்த மிளகாய்ப்பொடியும் வேண்டும். பார்சலில் அனுப்ப வேண்டாம், நீங்களே கொண்டுவந்து இரண்டு நாள் தங்குங்கள். போளூர் பஸ் ஹாரன் அடிக்கிறது, தபாலில் போடச் சொல்லி டிரைவரிடம் இதைக் கொடுக்க ஓடுகிறேன். அருவி பார்க்க வேண்டாம் அப்பா. என்னைப் பார்க்க வாருங்கள்.

உங்கள் மகள்,
தமிழரசி