வாய் என்னுது, குரல் எவனுது

பிப்ரவரி 11, 2024

மெத்தைக் கடையை அடைத்துவிட்டுச் சென்னைக்குப் போய் நடித்துவிட்டு வந்தேன். நாற்பது படம் ஆகிவிட்டது (கூட்டத்தில் நின்றதும் படம்தான்). ஆனால் இந்தத் தடவை வசனம். படத்திலும் மெத்தைக் கடை பாய் நான். ஹீரோ என் மெத்தைக்குள் சுருண்டு கிடக்கிறான், கால் வெளியே தெரிகிறது. போலீஸ் வந்து கேட்கிறார். காலை மறைத்து நின்றுகொண்டு சொன்னேன்: "யாரும் இல்ல சார். இருந்தா நானே கூட்டினு வந்து வுட்டிருப்பேன். எனுக்குப் பொய் பேச வாயே வராது."

படப்பிடிப்பில் நின்ற இருநூறு பேரும் சிரித்து உருண்டார்கள். கேமராக்காரர் சிரித்ததில் கேமரா ஆடி, மறுபடி எடுத்தார்கள். டைரக்டர் என் காலைத் தொட வந்தார், நான்தான் தடுத்தேன்.

ஜுலைகாவிடம் நூறு பேர் என்றுதான் சொன்னேன். குறைத்துச் சொன்னால்தான் என் பெண்டாட்டி நம்புவாள்.

ஜூன் 13

நாளைக்குப் படம் வருகிறது. எங்கள் ஒலிமுகமதுபேட்டையில் ஒரு வீடு பாக்கியில்லாமல் சொல்லியாயிற்று. அக்கா குடும்பம் முழுக்க என்னோடு வருகிறது. பிள்ளையார்பாளையத்திலிருந்து தறிக்காரர் குமாரவேலும்.

ஜூன் 14

எழுதியே ஆக வேண்டும்.

திரையில் என் மூஞ்சி. என் வாய். வந்த குரல் எவனுடையதோ.

"அரே சாப், நம்பள் கடையில் ஆள் இல்லே. நம்பள்கி பொய் வராது."

எவன்டா அது? எங்க தாத்தா காலத்திலிருந்து இந்த ஊரில் கடை. வீட்டில் உருது, கடையில் தமிழ், இரண்டும் எனக்குத் தண்ணி பட்ட பாடு. பெருமாள் கோயில் ஐயங்காருக்கு நான் மெத்தை விலை சொன்னால் ஐயங்காரே நின்று கேட்பார். நான் எப்போடா நம்பள்கி சொன்னேன்?

தியேட்டரே சிரித்தது. அதைத்தான் பொறுக்க முடியவில்லை.

அக்கா மகள் நிக்கத் காதருகே கேட்டாள்: "மாமூ, நம்ம வீட்ல யாரு இப்பிடிப் பேசுறாங்க?"

 

ஜூன் 15

குமாரவேல் கடைக்கு வந்து, "நம்பள்கி ஒரு தலகாணி வேணும் பாய்" என்றார். அவர் அப்பா காலத்திலிருந்து எங்கள் தலையணையில் தூங்குகிற குடும்பம். இருக்கிறது, தர முடியாது என்றேன்.

ஜூன் 17

படக் கம்பெனி மேனேஜருக்குப் போன் போட்டேன். அவர் சொல்கிறார்: "உங்க தமிழ் ரொம்ப நல்லாருக்குது பாய், அதான் பிரச்சனை. பாய் பேசுற மாதிரியே இல்ல."

நான் பாய் இல்லாம வேற யாருய்யா?

நன்றாகத் திட்டினேன். போனை வைத்த பிறகுதான் முக்கால்வாசித் திட்டு ஞாபகத்துக்கு வந்தது.

ஜூலை 2

தெருவில் பிள்ளைகள் நம்பள்கி மாமூ என்கிறார்கள்.

ஆகஸ்ட் 9

அதே மேனேஜர் கூப்பிட்டார். வேறு படத்துக்கு டப்பிங்காம், அசல் பாய் குரல் வேண்டுமாம். "போவாதீங்க," என்றாள் ஜுலைகா. நேரில் நின்று திட்டலாமே என்று போனேன்.

கண்ணாடி அறையில் திரை. தொப்பி போட்ட ஒரு பெரியவர் ரயிலில் சமோசா விற்கிறார். டிக்கெட் பரிசோதகருக்கே ஒன்றை ஊட்டிவிட்டு நழுவுகிறார். அவர் சொந்தக் குரலையும் போட்டுக் காட்டினார்கள். "சூடு ஆறிப்போச்சுன்னா என்னைத் திட்டு சார், சமோசாவத் திட்டாத." ஒரு சொல் கூடவும் இல்லை, குறையவும் இல்லை. நானே சிரித்துவிட்டேன்.

"இதையே நம்பள்கி போட்டு அடிங்க பாய்," என்றார் மேனேஜர்.

திட்ட வாய் வரவில்லை. அந்தப் பெரியவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். வீட்டில் இந்நேரம் எத்தனை பேரிடம் சொல்லி வைத்திருப்பாரோ.

தொண்டை கட்டிவிட்டது என்றேன். பொய்தான். அந்தப் பெரியவர் நம்பரை மட்டும் கேட்டு வாங்கிக்கொண்டு வந்தேன்.

ஆகஸ்ட் 10

சமோசாப் பெரியவர் பெயர் ஆசாத். ஆற்காடு. போன் போட்டு நடந்ததைச் சொன்னேன்.

"நான் இல்லன்னா வேற எவனாவது பேசிடுவான் பாய். படம் வந்தா மொதல்ல நீங்க மட்டும் போய்ப் பாருங்க. வீட்டாளுங்கள கூட்டினு போவாதீங்க."

"நீங்க எத்தன படம் நடிச்சிருக்கீங்க பாய்?" என்று கேட்டார்.

நாற்பது என்றுதான் நாக்கு நுனிக்கு வந்தது.

"வாயத் தொறந்து பேசினது ஒண்ணுதான் பாய். அதுவும் என் குரல்ல வரல."

"அப்ப உங்க குரல்ல என்னா சொன்னீங்க?"

கடை நடுவில் எழுந்து நின்றேன். ஒரு மெத்தையைச் சுருட்டிக் காலால் மறைத்துக்கொண்டு, முழு வசனத்தையும் போனில் சொன்னேன்.

சிரித்தார்.

ஒரே ஒரு ஆள்.