பதினைந்து பாயிண்டும் ஒரு காதும்

திருத்தணி
6.6.2005

நாகராஜன் பாவாவுக்கு,

‘அன்புள்ள’ என்று எழுதக் கை வரவில்லை, விட்டுவிட்டேன். நானும் பாப்பாவும் என் நைனா வீட்டில்தான் இருக்கிறோம். உங்கள் நலத்தை நான் விசாரிக்கப் போவதில்லை. கோப்பை வாங்கியவர் நலமாகத்தான் இருப்பார்.

அரக்கோணம் என்ன அமெரிக்காவா, இதற்குப் போய்த் தபாலா என்று கேட்பீர்கள். நேற்றிலிருந்து ஓயாமல் போன் செய்தீர்கள். ஒரு தடவை எடுத்தேன். “அம்சா, கொஞ்சம் கேளு” என்கிறீர்கள். பின்னால் அந்தப் பாழாய்ப்போன கம்ப்யூட்டரில் கூட்டம் கத்துகிறது, பந்து தொம்தொம்மென்று குதிக்கிறது. வைத்துவிட்டேன். இனி எதுவானாலும் எழுதுங்கள். எழுதும்போதாவது கை அதை விட்டுத்தானே ஆக வேண்டும்.

என்ன நடந்தது என்று உங்களுக்குத் தெரிய வேண்டும். நீங்கள்தான் இல்லையே. மலையில் மொட்டை முடிந்து, தலையில் சந்தனம் பூசி, பட்டுப்பாவாடை கட்டிப் பாப்பா தயார். காது குத்தும் கண்ணையன் பத்தர் தங்கக் கம்பியைக் கையில் வைத்துக்கொண்டு, “மாமன் வந்து உக்காரட்டும்மா” என்றார். மாமன் எங்கே? என் தம்பி பரணிதரனை முந்தின நாளே நீங்கள் சென்னைக்கு இழுத்துக்கொண்டு போய்விட்டீர்கள். கம்ப்யூட்டரில் பாஸ்கெட்பால் ஆடுகிற போட்டி, ஜோடியாகத்தான் ஆட வேண்டும், விடியற்காலை முதல் ரயிலுக்குத் திரும்பிவிடுவோம் என்று என் தலையில் கை வைத்துச் சத்தியம் செய்தீர்கள்.

பூவம்மாள் சித்தி எல்லார் எதிரிலும் கேட்கிறாள்: “ஏண்டி அம்சா, ரெண்டு பேரும் எங்கனா போய் மாட்டிக்கினாங்களா?” உங்கள் அம்மா, என் அத்தை, தன் பிள்ளைக்குப் பரிந்து, “ஆம்பளைங்களுக்கு ஆயிரம் வேல இருக்கும், நீ ஆக வேண்டியதப் பாரு” என்கிறார். பத்தர் “நல்ல நேரம் போய்க்கினே இருக்குதும்மா” என்கிறார். நானே பலகையில் உட்கார்ந்து பாப்பாவை என் மடியில் வைத்துக்கொண்டேன். இரண்டு குடும்பத்திலும் எந்தத் தாயும் இப்படி உட்கார்ந்ததில்லை.

ஒரு காதைக் குத்தினார். மலையே அதிர அலறினாள். “மாமன் மடின்னா கொயந்த இவ்ளோ அழாது” என்று பத்தர் வாய்க்குள் சொன்னது என் காதில் விழுந்தது. எழுந்துவிட்டேன். “இன்னொரு காது, அந்த ரெண்டு பேரும் வந்து நின்ன அப்புறம்தான்” என்று சொல்லிவிட்டு இறங்கிவிட்டேன். இப்போது உங்கள் மகள் ஒரு காதில் தோடும் மறு காது மூளியுமாகத் தவழ்ந்துகொண்டிருக்கிறாள்.

மத்தியானம் போட்டியில் ஜெயித்த கோப்பையோடு பல்லைக் காட்டிக்கொண்டு வந்து இறங்கினீர்கள். அந்தக் கோப்பையை நான் தெருவில் வீசினேன். பாப்பா அழுதுகொண்டிருந்தாள். நீங்கள் ஓடிப்போய் எதைத் தூக்கினீர்கள் என்று தெரு முழுக்கப் பார்த்தது.

அம்சா

*

அரக்கோணம்
9.6.2005

என் அன்பு அம்சாவுக்கு, உன் பாவா எழுதிக்கொள்வது.

உன் கோபம் நியாயம். நான் தப்பு செய்தவன்தான். ஆனால் நடந்ததை நீ கேட்டால் பாதி கோபமாவது தணியும்.

முதல் சுற்றிலேயே தோற்றுச் சனிக்கிழமை சாயங்காலமே வந்துவிடலாம் என்றுதான் நினைத்தேன். தோற்கவில்லை. பைனலை ஞாயிறு காலையில் வைத்துவிட்டார்கள். அதுவும் சாதாரண ஆட்டமா? ‘கம்பேக் சேலஞ்ச்’. ஆரம்பிக்கும்போதே நம் டீம் பதினைந்து பாயிண்ட் பின்னால். கடிகாரத்தில் மூன்று நிமிடம் மட்டும். அதற்குள் ஜெயிக்க வேண்டும். மற்ற ஜோடிகள் எல்லாம் பந்து கிடைத்ததும் தூரத்திலிருந்து மூன்று பாயிண்டுக்கு வீசி வீசியே செத்தார்கள். நாங்கள் போனது, என்னோடு ஆடும்போது நீ சொல்வாயே, அந்த வழி. அவசரப்படாமல் உள்ளே புகுந்து இரண்டு இரண்டாக எடுத்தோம். அவர்கள் பந்தை உள்ளே போடும் இடத்திலேயே நெருக்கிப் பிடுங்கினோம். களைத்த ஆட்களை வெளியே எடுத்து, ஓடுகிற ஆட்களை இறக்கினேன். டைம் அவுட்டை எல்லாம் கடைசி நிமிடத்துக்கு மிச்சம் வைத்தேன். ஃப்ரீ த்ரோ போட வராத அந்த உயரமானவனையே தேடித் தேடி பவுல் செய்தோம். கடிகாரம் நின்றது, அவன் இரண்டு த்ரோவையும் தவறவிட்டான், பந்து நம் கைக்கு வந்தது. ஒரே ஒரு பாயிண்டில் ஜெயித்தோம் அம்சா! கூட்டம் எழுந்து நின்று கைதட்டியது.

பரணியை விடியற்காலை ரயிலுக்கு அனுப்பத்தான் பார்த்தேன். அவன்தான், “பைனல் ஆடாம போமாட்டேன் பாவா” என்று உட்கார்ந்துவிட்டான். சின்னப் பையன் ஆசைப்படுகிறான், நான் என்ன செய்வது?

கோப்பையின் கைப்பிடியை ஒட்டிவிட்டேன். பாப்பாவுக்கு என் முத்தம். சீக்கிரம் வா. வீடு வீடாக இல்லை.

உன்
நாகராஜன்

*

திருத்தணி
13.6.2005

பாவாவுக்கு,

முக்கால் பக்கம் ஆட்டம். பாப்பாவுக்கு ஒரு வரி, அதுவும் கோப்பைக்குப் பிறகு.

உங்கள் கடிதத்தைப் பரணியிடம் அப்படியே படித்துக் காட்டினேன். முகம் செத்துவிட்டது அவனுக்கு. பிறகுதான் வாயைத் திறந்தான். விடியற்காலையில் உங்களுக்குத் தெரியாமல் எழுந்து சென்ட்ரல் வரைக்கும் போய்விட்டானாமே? ரயில் ஏறப் போனவனைப் பின்னாலேயே வந்து சட்டையைப் பிடித்து இழுத்தது யார்? “டேய், காது நாளைக்குக்கூட குத்தலாம்டா, பைனல் நாளைக்குக் கெடையாது” என்று சொன்னது யார்? அவன் இத்தனை நாளாக என்னிடம் திட்டு வாங்கிக்கொண்டு உங்களைக் காட்டிக்கொடுக்காமல் இருந்தான். நீங்கள் ஒரு கடிதத்தில் அவனை விற்றுவிட்டீர்கள். சீ.

என் வழி என்று வேறு எழுதியிருக்கிறீர்கள். ஆமாம், என் வழிதான். பள்ளிக்கூட டீமில் ஆடும்போது முழங்காலைப் பேர்த்துக்கொண்டு நான் கற்றது. கல்யாணமான புதிதில் ரயில்வே ஷெட்டிலிருந்து வந்து குளித்ததும், “வாடி, ஒரு ஆட்டம்” என்று பக்கத்தில் உட்கார வைப்பீர்கள். அப்போது எனக்கு அந்தப் பெட்டி மேல் கோபமே கிடையாது. எவ்வளவு சிரித்திருக்கிறோம்! பாப்பா வயிற்றில் வந்து நான் வாந்தி எடுத்துப் படுத்ததும் என் இடத்தில் பரணி வந்தான். அதற்கும் நான் ஒன்றும் சொல்லவில்லை.

ஆனால் திருப்பி அடிக்கத் தெரியாதவன் எவன் என்று பார்த்து அவன் மேல் மோதிக் கடிகாரத்தை நிறுத்துகிற புத்தியை என் தம்பியிடமா காட்டுவது? வீட்டுக்குள் அந்த ஆட்டம் ஆடினால் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது.

உங்களோடு வர மாட்டேன். வீடு வீடாக இல்லை என்றால் கூட்டிப் பெருக்குங்கள்.

அம்சா

*

அரக்கோணம்
20.6.2005

அம்சாவுக்கு,

நீயும் ‘அன்புள்ள’ போடவில்லை, நானும் போடவில்லை. சரிக்குச் சரி.

ஆமாம். சட்டையைப் பிடித்து இழுத்து வந்தது நான்தான். பொய் எழுதினேன். இப்போது என்ன செய்யச் சொல்கிறாய், மலையைச் சுற்றி உருளவா? தெருவே பார்க்க நீ கோப்பையை வீசினாயே, அது மட்டும் மரியாதையா? உன் நைனா இதுவரை என்னை ‘மாப்பிள்ளை’ என்று வாய் நிறையக் கூப்பிட்டதுண்டா? ஒரு தறிக்காரன் மகன் ரயில்வேயில் கிரீஸ் துடைக்கிறான், அவ்வளவுதான் உங்களுக்கெல்லாம் நான்.

கல்யாணத்துக்கு முன்பிருந்து எஞ்சினுக்கு அடியில் மல்லாந்து படுத்துக்கொண்டிருக்கிறேன். மேலதிகாரிக்கு என் பேர் தெரியாது, “ஏய், இங்க வா” தான். அன்றைக்கு மைக்கில் “அரக்கோணம் நாகராஜன்” என்று கத்தினார்கள். திரும்பிப் பார்த்தேன், வேறு யாரையோ கூப்பிடுகிறார்கள் என்று. அது உனக்குப் புரியாது.

இன்னொன்றும் சொல்கிறேன். காது குத்துக்கு மாமன் மடி வேண்டும், மாமன் சீர் வேண்டும், மாமனுக்குத்தான் மாலை. அப்பன் ஓரமாக நின்று தாம்பாளம் பிடிப்பான். என்னை யார் தேடப் போகிறார்கள் என்றுதான் முதலில் கிளம்பினேன். பரணியைத் தடுத்தது தப்பு. நான் போனது தப்பா என்று இன்னும் எனக்குத் தெரியவில்லை.

அடுத்த சுற்று பெங்களூரில். ஆடிக் கிருத்திகை அன்றுதான் வைத்திருக்கிறார்கள். பேர் கொடுத்துவிட்டேன். பரணியைத் தயாராக இருக்கச் சொல். மறு காதை ஆவணியில் வைத்துக்கொள்ளலாம், காது எங்கேயும் ஓடிப்போகாது.

நாகராஜன்

*

திருத்தணி
27.6.2005

பாவாவுக்கு,

காது ஓடிப்போகாது. நான் போய்விடுவேன்.

ஆடிக் கிருத்திகை அன்று காலையில் சரவணப் பொய்கைக் கரையில் பாப்பாவுக்கு மறு காது. பத்தரிடம் சொல்லியாகிவிட்டது. பரணி பெங்களூருக்கு வர மாட்டான். “அக்கா, இந்த தபா தலையே போனாலும் நான் ஒன் பக்கத்துல இருப்பேன்” என்று சூடத்தை அணைத்துச் சொல்லியிருக்கிறான். நீங்கள் வராவிட்டால் இரண்டு வீட்டுப் பெரியவர்களையும் கூட்டி நம் கல்யாணத்தை அத்துவிடச் சொல்வேன். அத்தை மகன் என்று பார்க்க மாட்டேன்.

உங்களை யார் தேடப் போகிறார்கள் என்று எழுதியிருக்கிறீர்கள். அதைப் படித்ததும் எனக்கு வந்த ஆத்திரத்துக்கு நீங்கள் எதிரில் இருந்திருந்தால் என்ன ஆகியிருக்குமோ. நான் தேடினேன் பாவா! பத்தர் மாமனைத்தான் கேட்டார். நான் படியேறி வருகிற ஒவ்வொரு தலையையும் பார்த்துக்கொண்டிருந்தது உங்களை. ஓரமாகத் தாம்பாளம் பிடித்துக்கொண்டு நிற்பீர்கள், அவள் அலறும்போது உங்கள் முகத்தைப் பார்த்தால் எனக்குத் தைரியமாக இருக்கும் என்று. மைக்கில் கத்தினால்தான் பேரா? நான் மனசுக்குள் எத்தனை தரம் கூப்பிட்டேன்.

இதற்குப் பதில் எழுத வேண்டாம். வாருங்கள், இல்லையென்றால் வராதீர்கள்.

அம்சா

*

திருத்தணி
1.8.2005

பாவாவுக்கு,

வந்தீர்கள். பார்த்தேன். அந்தக் காவடிக் கூட்டத்தில், மஞ்சள் வேட்டியும் மொட்டைத் தலையுமாக நீங்கள் எதிரில் வந்து நின்றபோது எனக்கே ஒரு நிமிடம் ஆள் தெரியவில்லை. பாப்பாவுக்கு எப்படித் தெரியும்? நீங்கள் கையை நீட்டினீர்கள். அவள் வீறிட்டு என் கழுத்தைக் கட்டிக்கொண்டாள். பரணி மடியில் உட்கார்ந்து காது குத்திக்கொள்ளும்போது அழுததைவிட அந்த அழுகை பெரிசு. கம்பிக்குப் பயப்படவில்லை, உங்களுக்குப் பயந்தாள். நீங்கள் முகத்தைத் திருப்பிக்கொண்டதையும் பார்த்தேன்.

உங்கள் அம்மாவுக்கு வாயெல்லாம் பல். “என் புள்ள எல்லாத்தையும் உட்டுட்டு வந்துட்டான் பாரு, இனிமே என்னடி ஒனக்கு?” என்கிறார். என் நைனாகூட “மாப்ளே, சாப்ட்டுட்டுப் போங்க” என்றார். எல்லாரும் சேர்ந்து என் பெட்டியைக் கட்டாத குறைதான்.

எனக்கு ஒன்று மட்டும் தெரிய வேண்டும். அது ஜோடியாக ஆடுகிற போட்டி. பரணி வர மாட்டேன் என்றுவிட்டான். அதனால் போக முடியாமல் இங்கே வந்தீர்களா, அல்லது எங்களுக்காக அதை விட்டுவிட்டு வந்தீர்களா? ஒரு வரி போதும். ஆட்டக் கதை வேண்டாம்.

அம்சா

*

அரக்கோணம்
5.8.2005

அம்சா,

பரணி வந்திருந்தால் நான் பெங்களூர்தான் போயிருப்பேன். அவன் இல்லை என்றதும் ஷெட்டில் வேறு ஜோடி தேடினேன். முந்தின நாள் வரை தேடினேன், யாரும் கிடைக்கவில்லை. கோபத்தில்தான் ரயில் ஏறினேன். மொட்டையும் உன் வாயை அடைக்கத்தான் போட்டேன்.

பாப்பா என்னைப் பார்த்து அலறினாளே, அது வரைக்கும் இதுதான் உண்மை. அதற்குப் பிறகு எனக்கு என்னவோ ஆகிவிட்டது. அதை எழுத எனக்கு வரவில்லை.

நாகராஜன்

*

திருத்தணி
12.8.2005

பாவாவுக்கு,

கடிதம் கிடைத்தது. பரணி சாப்பிடக் கூப்பிட்டான், அவன் மேல் எரிந்து விழுந்தேன்.

‘உங்களுக்காகத்தான் வந்தேன்’ என்று ஒரு பொய்யை எழுதியிருந்தால் நம்பியிருப்பேன். யார் சொல்லியும் இல்லாமல் நானே பெட்டியைக் கட்டி வைத்திருந்தேன் என்பது உங்களுக்குத் தெரியாது. அவிழ்த்துத் துணிகளைத் திரும்ப அலமாரியில் வைத்துவிட்டேன். இப்போதைக்கு வர மாட்டேன். பெரியவர்களையும் கூப்பிடவில்லை. நைனாவிடம் கொஞ்ச நாள் சும்மா இருக்கச் சொல்லியிருக்கிறேன்.

செவ்வாய்க்கிழமை உங்களுக்கு லீவுதானே. இங்கே வாருங்கள். எனக்காக வர வேண்டாம். கூடத்தில் பாயைப் போட்டு வைக்கிறேன், உட்காருங்கள். பாப்பாவைக் கூப்பிடாதீர்கள். பொம்மை, பிஸ்கட் எதுவும் காட்டாதீர்கள். பாய்ந்து தூக்காதீர்கள். அவளாக உங்களிடம் வர வேண்டும். முதல் வாரம் வர மாட்டாள், அடுத்த வாரமும் வர மாட்டாள் என்றுதான் நினைக்கிறேன். அதுவரை வாராவாரம் வந்து உட்கார்ந்துவிட்டுப் போங்கள். நான் எடுத்து உங்கள் கையில் கொடுக்க மாட்டேன். பரணியையும் கொடுக்க விட மாட்டேன்.

மத்தியானம் சாப்பாடு போடுவேன். பேச மாட்டேன்.

அம்சா