ஸ்டேஷன் மாத்தயாவின் நடை

நுகேகொட,
3.2.2016

அன்புள்ள அமரபால அண்ணாவுக்கு,

அண்ணியும் மகள் ஹசினியும் சுகம்தானே? போனில் என் குரல் கேட்டதுமே வைத்துவிடுகிறீர்கள். அதனால் எழுதுகிறேன்.

போன ஆகஸ்டில் எனக்கு முகவாதம் வந்தது. சிரித்தால் வலது பாதி மட்டும்தான் சிரிக்கிறது. பேச்சும் குழறுகிறது. சிரிப்பு நடிகனுக்கு இதற்கு மேல் என்ன வேண்டும்? ஆறு மாதமாக யாரும் கூப்பிடவில்லை.

இப்போது உதேனி என்று தயாரிப்பாளராக இருக்கிற ஒரு பிள்ளை வந்திருக்கிறாள். நான் ஸ்டேஷன் மாஸ்டராக நடித்த பழைய டிவி தொடரை மறுபடி எடுக்கிறார்களாம். "முகம் இப்படியே இருக்கட்டும் அங்கிள், ஸ்டேஷன் மாத்தயாவுக்கும் வயசாகியிருக்கும்தானே" என்கிறாள்.

அந்த நடை, அடிக்கடி கடிகாரத்தைப் பார்ப்பது, "என் மணிதான் சரியான மணி" என்ற பேச்சு, எல்லாமே உங்களுடையது. போன தடவை கேட்காமல் எடுத்தேன். இந்தத் தடவை கேட்கிறேன். வேண்டாமென்றால் வேண்டாம்.

தம்பி,
ஜினசேன

பண்டாரவளை,
11.2.2016

ஜினசேனவுக்கு,

உடம்பைப் பார்த்துக்கொள். கேட்டதற்குப் பதில்: வேண்டாம்.

நீ ஒன்பது வருஷம் நடித்தாய். அந்த ஒன்பது வருஷமும் நான் கொடியோடு பிளாட்பாரத்தில் நின்றேன். வருகிற ரயிலெல்லாம் ஜன்னலுக்கு ஜன்னல் உன் வசனத்தைக் கத்திக்கொண்டு போகும். பள்ளிக்கூடத்தில் ஹசினியை நிற்கவைத்து, அப்பா மாதிரி நடந்து காட்டு என்றார்கள். மாற்றல் கேட்டு மலைக்கு வந்தேன். இங்கேயும் டிவி இருந்தது.

உன் தொடரை ஒரு நாளும் நான் பார்த்ததில்லை. மற்றவர்கள் வாயால் கேட்டதே போதும்.

அமரபால

நுகேகொட,
17.2.2016

அன்புள்ள அண்ணாவுக்கு,

உங்கள் கடிதம் வந்த அன்றே உதேனியிடம் முடியாது என்று சொல்லிவிட்டேன். ஹசினிக்கு நடந்தது இத்தனை நாள் எனக்குத் தெரியாது. அவள் முகத்தில் எப்படி விழிப்பேன்?

ஒன்று மட்டும் சொல்லிவிட்டு நிறுத்துகிறேன். முதல் நாள் கேமரா முன்னால் என் கால் நடுங்கியது. வசனம் மறந்துவிட்டது. டைரக்டர் எல்லோர் முன்னாலும் திட்டினார். அப்போது நீங்கள் பிளாட்பாரத்தில் நடப்பது ஞாபகம் வந்தது. எனக்குத் தெரிந்து யாருக்கும் பயப்படாத ஆள் நீங்கள் ஒருவர்தான். அப்படி நடந்து பார்த்தேன், நடுக்கம் நின்றுவிட்டது.

சிரிக்கவைக்க நடக்கவில்லை அண்ணா, பயம் போக நடந்தேன். அவர்கள் சிரித்தார்கள். அந்தச் சிரிப்பை விட்டுவிட எனக்கு மனம் வரவில்லை. என் தப்பு அதுதான்.

ஜினசேன

பண்டாரவளை,
28.2.2016

அன்புத் தம்பிக்கு,

நேற்று ஹசினி உன் தொடரில் ஒரு பகுதியைக் கம்ப்யூட்டரில் போட்டாள். பாதியில் எழுந்து போகலாம் என்றுதான் உட்கார்ந்தேன்.

காய்ச்சலில் கிடக்கும் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு ஒருத்தி தூரத்திலிருந்து ஓடிவருகிறாள். ரயில் புறப்படவேண்டும். மணி, மணி என்று உயிரை விடுகிற ஸ்டேஷன் மாத்தயா ஸ்டூலில் ஏறி, சுவர்க் கடிகாரத்தைத் தன் கையாலேயே நாலு நிமிஷம் பின்னால் தள்ளுகிறார்.

முன்பு அகங்கம ஸ்டேஷனில் வேலை பார்த்தபோது நான் அப்படிச் செய்த அன்று, பார்த்தது பெஞ்சில் உட்கார்ந்திருந்த நீ ஒருவன்தான். "கேலி செய்கிறவன் இதை ஏன் ஞாபகம் வைத்திருக்கிறான்?" என்று உன் அண்ணி கேட்டாள். கண்ணாடியைத் துடைப்பதுபோல உட்கார்ந்திருந்தேன்.

உதேனி பிள்ளையிடம் சரி என்று சொல். ஹசினியும் அதைத்தான் சொல்கிறாள். ஆனால் கொடி பிடிக்க உனக்குத் தெரியவில்லை. வந்து காட்டித் தருகிறேன். சாப்பிடும்போது வாயின் ஒரு பக்கத்தால் வழிகிறது என்று பத்திரிகையில் சொல்லியிருந்தாயாம். அண்ணியும் வருகிறாள், சோறு குழைய ஆக்கித் தருவாள்.

வியாழக்கிழமை காலை ரயிலுக்கு டிக்கெட் எடுத்தாயிற்று. இதற்குப் பதில் எழுதாதே. அது வந்து சேரும்போது நாங்கள் இங்கே இருக்கமாட்டோம்.

அண்ணா