சயனைட் மேட்டில் ஊதிய சாக்ஸபோன்

அண்ணா,

இன்றைக்குக் காலையில் கடையைத் திறந்தால் வாடகை நாற்காலிகள் அத்தனையிலும் வெள்ளைப் பொடி. நேற்றுதான் துடைத்து அடுக்கினேன். சயனைட் மேட்டுக் காற்று மாரிகுப்பம் பக்கம் திரும்பிவிட்டது. சயனைட் போட்டுத் தங்கத்தை எடுத்துக்கொண்டு கம்பெனிக்காரன் கொட்டிவிட்டுப் போன மண், சுரங்கம் மூடி இத்தனை வருஷம் கழித்தும் வீடு வீடாக வந்து எங்களை விசாரித்துவிட்டுப் போகிறது. ஈரத்துணியைக் கையில் எடுத்தேன். உங்கள் ஞாபகம் வந்துவிட்டது. துடைக்கக் கை ஓடவில்லை.

நந்திதுர்க் சுரங்கத் தொழிலாளியின் பிள்ளை நீங்கள். கம்பெனி கிளப் பேண்டில் சாக்ஸபோன் கற்று, பெங்களூர் ஓட்டல்களில் ஜாஸ் வாசித்து, அங்கிருந்து சினிமாவுக்குப் போனீர்கள். கிளப் டான்ஸ் காட்சிகளில் சாக்ஸபோனோடு பின்னால் நிற்பீர்கள். அப்புறம் உயரத்தைப் பார்த்து வில்லனின் அடியாளாகப் போட்டார்கள். எந்தப் படத்திலும் கடைசி வரை இருந்ததில்லை.

"இன்னாண்ணா, ஒரு படத்துலயாவது உசுரோட வீட்டுக்கு வரக்கூடாதா?" என்று ஒருமுறை கேட்டேன்.

"சாவறதுக்குத் தனி ரேட்டு, சேட்டு. நீ வியாபாரி, உனக்குத் தெரியாதா?"

பத்துப் பன்னிரண்டு நாற்காலியோடு தொடங்கியவன் ஜெனரேட்டர் வாங்கிய நாளிலிருந்து உங்களுக்கு நான் சேட்டு. சொல்லிவிட்டுச் சிரித்தீர்கள். சிரிப்பு இருமலில் போய் முடிந்தது. எனக்கு அது பிடிக்கவில்லை. உங்கள் அப்பா அந்த இருமலில்தான் போனார். நீங்கள் ஒரு நாளும் கேஜ் என்கிற இரும்புக் கூண்டில் ஏறிச் சுரங்கத்துக்குள் இறங்கியதில்லை. ஆனால் வளர்ந்தது மேட்டடியில். தூசிப் பக்கம் போகாதீர்கள், இனி நெஞ்சு கெட்டால் திரும்பாது என்று டாக்டர் சொன்னபோது நானும் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தேன்.

அதற்கப்புறம்தான் அந்தப் பட வாய்ப்பு வந்தது. முதல் தடவையாகப் பெயருள்ள வேஷம். ஊரைவிட்டுப் போக மறுக்கிற வாத்தியக்காரர். மேட்டு உச்சியில் நின்று ஊத வேண்டும். நாற்காலியும் ஜெனரேட்டரும் என் கடையிலிருந்து.

அன்றைக்கு மேட்டில் ஒரு ஆடுகூட இல்லை. சூறைக்காற்று போலத் தெரிய, பெரிய ஃபேனை வைத்து மண்ணைக் கிளப்பினார்கள். காமிராக்காரர், மேக்கப்காரர், டைரக்டர், நான், எல்லாரும் முகத்தில் துணி கட்டியிருந்தோம். திறந்த வாய் உங்களுடையது ஒன்றுதான். "சார், விரலை மட்டும் அசைங்க. சத்தத்தைச் சென்னையில போட்டுக்கறோம்" என்று அந்த டைரக்டர் பையன் சொல்லத்தான் சொன்னான். நீங்கள் டேக்குக்கு டேக் நெஞ்சு நிறைய இழுத்து ஊதினீர்கள்.

தண்ணீர் கொடுக்கும் சாக்கில் வந்தேன். "விரலை ஆட்டினா போதும்னு சொல்றாங்க இல்ல?"

"எல்லாப் படத்துலயும் சும்மாத்தான்டா ஆட்டினேன். எவனோ வாசிச்சதுக்கு நான் கன்னத்தை உப்பினேன். இது ஒன்னாவது என்னுதா இருக்கட்டும்."

"நெஞ்சு?"

"நெஞ்சு என்னுது, ஜெனரேட்டர் உன்னுது. நீ உன்னுதைப் பாரு."

என்னுடையதைத்தான் பார்த்தேன். அடுத்த டேக் நடுவில் ஜெனரேட்டரை அணைத்துவிட்டு, டீசல் தீர்ந்துபோச்சு என்று கத்தினேன். ஃபேன் நின்றது. கண்ணை மூடியிருந்த நீங்கள் நிறுத்தவில்லை. அதுவரை இரைச்சலில் அமுங்கிக் கிடந்த உங்கள் வாசிப்பு அப்போதுதான் காதில் விழுந்தது. படத்துக்குச் சொல்லிக்கொடுத்த மெட்டு இல்லை. சுரங்கத்தில் செத்தவர்களைக் கல்லறைக்குக் கொண்டுபோகும்போது பேண்டு வாசிக்கிற மெட்டு. எங்கள் ஊரில் அது தெரியாதவர் இல்லை.

ஃபேன் நின்றும் மண் அடங்கவில்லை. நிஜக் காற்றே எழுந்துவிட்டது. காமிராவை நிறுத்தாதே என்று டைரக்டர் சைகை காட்டினான். மேடே கிளம்பி உங்கள் மேல் வந்தது. மெட்டின் நடுவில் ஓரிடத்தில் சத்தம் அறுந்தது. மூச்சு எடுக்கிற இடமில்லை அது. வாத்தியத்திலிருந்து வாயை எடுத்து, திறந்தபடி நின்றீர்கள். மூச்சு உள்ளே போகவில்லை. பிறகு விட்ட இடத்தில் பிடித்து முடித்தீர்கள். எல்லாரும் கைதட்டினார்கள். எனக்குக் கை எழவில்லை.

அதிலிருந்து கட்டில்தான். ஒருநாள் கேட்டீர்கள்: "சத்தத்தை மாத்திடுவானுங்களாடா?"

உங்களிடம் பூசி மெழுக எனக்கு வரவில்லை. "மாத்திடுவாங்கண்ணா. அவங்க வியாபாரம் அது."

"நான் வாசிச்சதை நீ கேட்டே இல்ல?"

"கேட்டேன்."

முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொண்டீர்கள். மழைக்காலம் வருவதற்குள் உங்களைக் கல்லறைக்குக் கொண்டுபோனோம். வாசிக்க பேண்டு இல்லை.

படம் வந்தது. போய்ப் பார்த்தேன். நீங்கள் வாயெடுத்து நிற்கிறீர்கள், சாக்ஸபோன் அதுபாட்டுக்கு இழுத்துக்கொண்டே போகிறது. வேறு மெட்டு, வேறு யாருடைய மூச்சோ. தியேட்டரில் விசிலடித்தார்கள். யாருக்கும் ஒன்றும் உறுத்தவில்லை.

உங்கள் மெட்டு என்னிடம் இருக்கிறது. நாற்காலி ஏற்றும்போதும் ரேட்டு பேசும்போதும் உள்ளுக்குள் ஓடுகிறது. அது அறுந்த இடம் வரும்போது நானும் மூச்சை நிறுத்திக்கொள்கிறேன். கொஞ்ச நாளாக, மறுபடி இழுப்பதற்குச் சிரமமாக இருக்கிறது, அண்ணா.